நாலாவது இன்னிங்ஸில் முப்பது வினாடி

டூசான், அரிசோனா
பிப்ரவரி 24, 1997

அன்புள்ள வாண்டா அக்காவுக்கு,

ரெனி எழுதுகிறேன். நீயும் ஜோஸியும் சுகமா? உன் முழங்கால் எப்படி இருக்கிறது? நான் சுகம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன், ஆனால் உனக்குப் பொய் எழுதிப் பழக்கமில்லை. எட்டு மாதக் குழந்தையை விட்டுவிட்டு வந்தவள் எப்படி இருப்பாளோ அப்படி இருக்கிறேன். தொண்டை கட்டிவிட்டது. மூக்கு நுனி வெயிலில் உரிந்துவிட்டது.

வேலை என்னவென்று கேட்டாயே. ஆட்டத்தை வர்ணிக்கிற இரண்டு பேர் மேலே கண்ணாடி அறையில் இருப்பார்கள். நான் கீழே, போர்ட்லாந்து வீரர்கள் உட்காரும் பெஞ்சின் ஓரத்தில், கையில் மைக்கோடு நிற்பேன். ஓர் ஆட்டத்தில் நான்கைந்து முறை என்னைக் கூப்பிடுவார்கள், ஒவ்வொரு முறையும் முப்பது வினாடி. மேலே இருப்பவர்களுக்குத் தெரியாத ஏதாவது ஒன்றை அதற்குள் சொல்ல வேண்டும். யாருக்குத் தோள்வலி, யார் மட்டையை மாற்றினார், யாருடைய அம்மா இன்று கூட்டத்தில் இருக்கிறாள் என்று. வீரர்கள் என்னிடம் பேசினால்தான் இது நடக்கும். பேசாவிட்டால் நான் கோட் மாட்டுகிற கம்பம்தான்.

அணியின் மேனேஜர் ஹட்ச் முதல் நாளே எல்லார் முன்னாலும் கேட்டார்: "ஏம்மா, பேஸ்பால் தெரியுமா, இல்ல தலைமுடி மட்டும்தானா?"

"ஆறு வருஷம் டொலிடோ ரேடியோவுல ஸ்கோர் படிச்சிருக்கேன் சார்."

"ரேடியோவா? அப்ப அந்த முடிய யாரு பாத்தா?"

பெஞ்சே சிரித்தது. ஆர்லோ பிகெட் என்கிற, பந்து வீசும் பிட்சர் மட்டும், முப்பத்தைந்து வயது, அணியிலேயே மூத்தவர், சூரியகாந்தி விதையைத் துப்பிவிட்டு, "கண்டுக்காத மைக்கு. பதினாலு வருஷம் முன்னால என்னையும் இப்படித்தான் வரவேத்தாரு" என்றார். அன்றிலிருந்து எல்லாருக்கும் நான் 'மைக்கு'.

ஒரே ஒரு சீசனுக்குத்தான் ஒப்பந்தம். அக்டோபரில் முடிவு சொல்வார்கள். வைத்துக்கொண்டால் வீடு பார்த்து ஜோஸியைப் போர்ட்லாந்துக்கு அழைத்துக்கொள்வேன். இல்லாவிட்டால் பழையபடி ஸ்கோர் வாசிக்க வேண்டியதுதான்.

திராட்சையை நான்காக வெட்டிக் கொடு. நீ கல்யாணக் கவுனில் தைக்கிற முத்துகள் இருக்கும் அறையைப் பூட்டியே வை. தம்பி டேல் கப்பல் வேலைக்குப் போகும்வரை அவனை வேலை வாங்கு. முக்கியமாக ஒன்று: எதையும் மறைக்காமல் எழுது. காய்ச்சல், இருமல், கீழே விழுந்தது எல்லாம். தெரியாமல் இருப்பதுதான் என்னைக் கொல்லும்.

குட்டியின் உள்ளங்காலில் என் பேரைச் சொல்லி ஒரு முத்தம் கொடு.

உன் ரெனி


டொலிடோ, ஒஹாயோ
மார்ச் 9

ரெனிக்கு,

இங்கே மூவரும் சுகம். என் முழங்கால் மழை வருவதை முன்கூட்டியே சொல்கிறது. அதற்கும் ஒரு மைக் கொடுக்கலாம். உன் தொண்டைக்கு உப்புத் தண்ணீர் கொப்பளி.

டேல் கூரையில் கிண்ண ஆன்டெனா மாட்டிவிட்டான், உங்கள் சேனல் வருகிறது. டைப் அடிக்கிற டெலிபோன் வாங்கலாமே அக்கா என்கிறான். நடுவில் ஓர் ஆபரேட்டர் உட்கார்ந்து நம் பேச்சைப் படித்துச் சொல்வாளாம். வேண்டாம் என்றேன். உன் புலம்பலுக்கு நான் ஒருத்தி போதும்.

நாலு வயதில் காய்ச்சலில் காது போனதிலிருந்து முப்பத்தைந்து வருஷமாக உதடு படிக்கிறேன். உன் உதடு எனக்கு அத்துப்படி. ஆனால் டிவியில் நீ மைக்கைத் தூக்கி வாயை மறைக்கிறாய். தாடைக்குக் கீழே பிடி. சாயம் இன்னும் கொஞ்சம் அடர்த்தியாகப் போடு. சனிக்கிழமை ஆட்டத்தில் 'உண்மையில்' என்று பதின்மூன்று முறை சொன்னாய். மற்ற நேரத்தில் சொன்னதெல்லாம் பொய்யா?

ஜோஸி நீ திரையில் வந்தால் கை தட்டுகிறாள். தவழ்ந்து போய்க் கண்ணாடியை நக்குகிறாள். ஒரு நாளைக்கு மூன்று முறை துடைக்கிறேன். முத்து அறை பூட்டியிருக்கிறது.

சாப்பிடு, தூங்கு.

வாண்டா


போர்ட்லாந்து, ஆரிகன்
ஏப்ரல் 20

அன்புள்ள அக்கா,

அங்கே பனி விட்டதா? ஜோஸியின் சளி போயிற்றா? இங்கே ஓயாத மழை. எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை, உடுப்புதான் காய்வதில்லை.

மைக்கைத் தாடைக்குக் கீழே இறக்கிவிட்டேன், பார்த்தாயா? 'உண்மையில்' மூன்றாகக் குறைந்திருக்கிறது.

சென்ற செவ்வாய் பிகெட் ஜெயித்தார். முடிந்ததும் மைதானத்திலேயே அவரிடம் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து பையன்கள் ஐஸ் தண்ணீர் வாளியோடு வருவது எனக்குத் தெரியவில்லை. அவருக்குத் தெரிந்திருக்கிறது. சரியான நேரத்தில் ஒரு எட்டு விலகிக்கொண்டார், மொத்தமும் என் தலையில்! நேரலையில் பல் தந்தியடிக்க அடுத்த கேள்வியையும் கேட்டேன். அவர் துண்டை என் தோளில் போட்டு, "நனையாதவங்க எங்க ஆளு இல்ல மைக்கு. இப்ப நீ எங்க ஆளு" என்றார். குளிரில் நடுங்கினேன் என்று பார்த்தவர்கள் நினைத்திருப்பார்கள். அழுதேன் அக்கா.

ஜோஸி சோபாவைப் பிடித்து நிற்கிறாள் என்று டேல் கப்பல் ஏறுமுன் போனில் சொன்னான். அவள் முதல் அடி வைப்பதை நான் பார்க்க வேண்டும். ஜூன் 13 முதல் 15 வரை டெட்ராய்டில் ஆட்டம். அங்கிருந்து நம் வீடு ஒரு மணி நேரம். அவள் முதல் பிறந்தநாளுக்கு வந்துவிடுவேன். அதுவரை நடக்க விடாதே, காலைக் கட்டிப்போடு! விளையாட்டுக்குச் சொல்கிறேன். பாதி விளையாட்டுக்கு.

உன் முழங்காலுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு.

ரெனி


டொலிடோ
மே 6

ரெனிக்கு,

நலம். முதலில் அதைப் படித்துக்கொள்: நலம்.

எதையும் மறைக்காதே என்றாய், எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை என் பாவாடை மடிப்பில் ஒட்டிக்கொண்டு வந்த ஒரு முத்தை ஜோஸி விழுங்கிவிட்டாள். டாக்டர் வயிற்றை அமுக்கிப் பார்த்துவிட்டு, "உள்ள போனது வெளிய வரும், டயப்பரப் பாத்துட்டே இருங்க" என்றார். இரண்டு நாள் டயப்பர் டயப்பராகத் தேடினேன். ஞாயிறு காலை கிடைத்தது. கழுவி ஒரு டப்பியில் வைத்திருக்கிறேன். எந்த மணப்பெண்ணுக்கும் தைக்க மாட்டேன், பயப்படாதே.

ஒழுங்காகச் சாப்பிடு.

வாண்டா


கிளீவ்லாந்து
ஜூன் 17

அன்புள்ள அக்கா,

நேரில் பார்த்து இரண்டு நாள்கூட ஆகவில்லை, அதற்குள் சுகமா என்று கேட்கிறேன். சுகம்தானே?

நேரில் கேட்க முடியாத மன்னிப்பு ஒன்று பாக்கி. முத்து விஷயத்துக்காகப் பக்கத்து வீட்டு மிசஸ் கெல்லரைப் போனில் கூப்பிட்டு, உன்னிடம் போய்ச் சொல்லும்படி கத்தினேன். பாவம் அவர், என் கத்தலை ஒரு தாளில் எழுதிக்கொண்டு வந்து உன்னிடம் நீட்டினாராமே. முத்தைப் பற்றிய உன் கடிதத்தை மைதானத்துக்குள் போகிற வழியில் பிரித்தேன். நாலு நிமிஷத்தில் நேரலை. எங்கள் அணியின் தேர்ட் பேஸ்மேனை 'ஜோஸி' என்று சொல்லிவிட்டேன். ஒரு வாரம் அந்தத் தடியனை எல்லாரும் "ஜோஸிக் குட்டி, பால் குடிச்சியா?" என்று கேட்டார்கள். தயாரிப்பாளர் ஸ்டான் சிரிக்கவில்லை.

இன்னொன்றும் உறுத்துகிறது. நான் கதவைத் திறந்து, "ஜோஸி, அம்மா வந்துட்டேன் பாரு" என்றதும் அவள் என்ன செய்தாள் என்று நீயும் பார்த்தாய். என்னை ஒரு நிமிஷம் பார்த்தாள். திரும்பி, அணைந்திருந்த டிவியைப் பார்த்தாள். மறுபடி என்னை. பிறகு வீறிட்டு உன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். அவளுக்கு அம்மா என்றால் ஒரு சாண் உயரம், கண்ணாடிக்குள் இருப்பவள். ஞாயிறு மாலைதான் என் மடியில் உட்கார்ந்தாள், அதற்குள் பஸ் வந்துவிட்டது.

அடுத்த டெட்ராய்ட் ஆட்டம் ஆகஸ்ட் 22. அந்த முதல் அடி ஒன்றாவது எனக்கு மிஞ்சட்டும் என்று வேண்டிக்கொள்கிறேன். மற்ற எல்லாவற்றையும் தவறவிட்டாயிற்று.

உன் தோளில் அவள் தலை சாய்ந்திருந்ததைப் பார்த்தேன். பொறாமையும் நன்றியும் சேர்ந்து வந்தன. இரண்டையும் வைத்துக்கொள்.

ரெனி


போர்ட்லாந்து
ஜூலை 8

அன்புள்ள அக்கா,

நீங்கள் இருவரும் நலமா என்று கேட்கவே கை கூசுகிறது. ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்தைப் பார்த்திருப்பாய். பார்க்காமல் இருந்திருந்தால் தேவலை.

பிகெட் வீசிக்கொண்டிருந்தார், மூன்றுக்குப் பூஜ்யம் முன்னிலை. நாலாவது இன்னிங்ஸில் மேலேயிருந்து, "கீழ என்ன விசேஷம் ரெனி?" என்றார்கள். இரண்டு மாதமாக நான் கவனித்துவந்த ஒன்றைச் சொன்னேன். மெதுவான வளைபந்து வீசப் போகும்போது பிகெட்டின் கையுறைக்கு வெளியே நீட்டியிருக்கும் ஆள்காட்டி விரல் லேசாகத் தூக்கும், வேகப்பந்துக்குத் தூக்காது. எவ்வளவு நுணுக்கமாகக் கவனிக்கிறாள் பார் என்று மெச்சுவார்கள் என நினைத்தேன். முப்பது வினாடி, அழகாக முடித்தேன்.

எதிரணியின் ஓய்வறையிலும் டிவி உண்டு. அதிலும் எங்கள் சேனல்தான் ஓடும். ஏழு வயதிலிருந்து பேஸ்பால் பார்க்கிறவள், அது எப்படித் தோன்றாமல் போயிற்று? அடுத்த இன்னிங்ஸில் அவர்கள் ஆட்கள் பந்தைப் பார்க்கவே இல்லை, விரலைப் பார்த்தார்கள். ஐந்து அடி, ஆறு ரன். ஹட்ச் அவரைப் பாதியில் வெளியே எடுத்தார். பிகெட் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு என்னைக் கடந்து போனார். அவருக்கும் இது ஒப்பந்தத்தின் கடைசி வருஷம் அக்கா.

ஹட்ச்தான் பேசினார்: "ஏம்மா, நீ எங்க டீம்ல நிக்கிறியா, அவங்க டீம்லயா? சொல்லிட்டா பெஞ்ச மாத்திப் போட்டுடுவோம்."

இப்போது என்ன கேட்டாலும் ஒற்றை வார்த்தை. தோள் எப்படி? "இருக்கு." நேற்றைய ஆட்டம்? "முடிஞ்சுது." நான் போனால் பெஞ்சில் பேச்சு நின்றுவிடுகிறது. ஸ்டான் சொல்கிறார்: "நீ நல்லா பாக்குற ரெனி. பாத்ததெல்லாம் சொல்லணுமா? அவனுங்க வாயத் திறக்கலன்னா அக்டோபர்ல உனக்காக நான் என்னன்னு பேசறது?"

சீக்கிரம் எழுது. திட்டியாவது எழுது. ஜோஸி என்ன செய்கிறாள், ஏதாவது புதிதாக?

ரெனி


டொலிடோ
ஆகஸ்ட் 3

ரெனிக்கு,

சுகம். உன் கடிதமும், 'உயிரோடு இருக்கிறாயா' என்று மட்டும் எழுதிய இரண்டு அஞ்சலட்டைகளும் கிடைத்தன. உயிரோடுதான் இருக்கிறேன். கவுன் வேலை அதிகம், அதனால் எழுதவில்லை. ஜோஸி நன்றாகச் சாப்பிடுகிறாள், நன்றாகத் தூங்குகிறாள். சொல்லும்படி வேறொன்றும் இல்லை.

உன் விஷயத்துக்கு வருகிறேன். நீ பெஞ்சுக்கு முன்னால் நின்று பேசும்போது உன் வலது தோளுக்குப் பின்னால் நாலு பேர் உட்கார்ந்திருப்பது தெரியும். கேமராவுக்கு நீதான் தெரிகிறாய் என்று அவர்கள் நினைக்கிறார்கள். உன் கடிதம் வந்ததிலிருந்து நான் அவர்களைத்தான் படித்துக்கொண்டிருக்கிறேன். முதல் பத்து நாள் அவர்கள் உன்னைப் பற்றிச் சொன்னதை எழுத மாட்டேன். கல்யாண உடுப்பு தைக்கிற கை இது.

ஆனால் வியாழக்கிழமை நீ பேசத் தயாராகி நின்றாய். பந்து பிடிக்கிற அந்தச் சின்ன கேட்சர் பிகெட்டிடம், "ஷ்ஷ், அவ இருக்கா, வாய மூடு" என்றான்.

பிகெட் சொன்னது இது, ஒரு சொல்கூட நான் சேர்க்கவில்லை: "நீ மூடு லூயிஸ். அஞ்சு கோச்சு, மூணு கேமரா. எவன் கண்ணுலயும் படல, அவ கண்ணுல பட்டுது. விரல உள்ள இழுத்ததும் நாலு ஆட்டமா என்னை எவனாலயும் தொட முடியல. எனக்கு அதுலெல்லாம் கோவமில்ல. அவ ஏன் நேரா வந்து ஒரு வார்த்த பேச மாட்டேங்குறா? அதான்டா கடுப்பு."

ரெனி, மைக் இல்லாமல் அவரிடம் போ.

உன் கண்ணுக்குக் கீழே கறுத்திருக்கிறது. தூங்கு.

வாண்டா


போர்ட்லாந்து
ஆகஸ்ட் 14

அன்புள்ள அக்கா,

உன் முழங்கால் தேவலையா? நான் நேற்று எட்டு மணி நேரம் தூங்கினேன். அது எதனால் என்று கேள்.

உன் கடிதத்தை மூன்று நாள் பையிலேயே வைத்திருந்தேன். ஒருவர் பேசியதைத் திருட்டுத்தனமாகத் தெரிந்துகொண்டு அவர் முன்னால் போய் நிற்பதா? போகாமல் இருப்பது அதைவிடக் கேவலம் என்று பட்டது. பிகெட் தோளுக்கு ஐஸ் கட்டிக்கொண்டு தனியாக உட்கார்ந்திருந்தார்.

"மிஸ்டர் பிகெட்..."

"இத்தன நாள் ஆர்லோ. இன்னைக்கு என்ன மிஸ்டர்?"

"அத டிவியில சொல்லியிருக்கக் கூடாது. மொதல்ல உங்ககிட்ட வந்திருக்கணும். தப்பு பண்ணின அப்புறமாவது வந்திருக்கணும். பயந்துட்டேன்."

"ஆறு அடி நாலு அங்குலம், பயப்படுற மாதிரிதான் இருக்கேன்." ஐஸ் கட்டைத் தோளில் சரிசெய்துகொண்டார். "நானும் பயந்தேன் மைக்கு. இதோட வீட்டுக்கு அனுப்பிடுவாங்கன்னு. அந்த விரல் ரெண்டு வருஷமா என்னைக் காட்டிக் கொடுத்திருக்கு, நான் வயசாயிடுச்சுன்னு நெனச்சிட்டிருந்தேன். இனிமே எதப் பாத்தாலும் மொதல்ல எங்கிட்ட சொல்லு. அப்புறமா ஊருக்குச் சொல்லு."

"சரி."

"அது எப்படித்தான் உன் கண்ணுல பட்டுது?"

"என் அக்காவுக்குக் காது கேக்காது. சின்ன வயசுலேர்ந்து அவகூடவே இருந்து, கையையும் முகத்தையும் பாத்தே பழகிட்டேன். அக்கா இன்னும் மோசம், உதட்டையே படிச்சிடுவா."

"ஓ. உங்க அக்கா நம்ம ஆட்டமெல்லாம் பாப்பாங்களா?"

"ஒண்ணு விடாம."

அவர் மெதுவாகத் திரும்பினார். பெஞ்சைப் பார்த்தார். நான் நிற்கும் இடத்தைப் பார்த்தார். கேமரா வைக்கும் இடத்தைப் பார்த்தார். "அடக் கடவுளே" என்றார். ஐஸ் கட்டு அவிழ்ந்து விழும்வரை சிரித்தார். நான் வாயைத் திறக்கவே இல்லை அக்கா, அவராகவே கண்டுபிடித்துவிட்டார்!

மறுநாள் பார்த்திருப்பாய், பெஞ்சில் ஒருவர் விடாமல் கையுறையால் வாயை மூடிக்கொண்டு பேசினார்கள். லூயிஸ் மட்டும் கையுறையை எடுத்துவிட்டு கேமராவைப் பார்த்து வாயசைத்தான். என்ன சொன்னான் என்று எனக்கு எழுது. இனி நான் வலப்பக்கம் ஒரு எட்டுத் தள்ளி நிற்பேன், அவர்களை மறைத்துக்கொண்டு. கோபிக்காதே.

எட்டு நாளில் வருகிறேன். ஜோஸிக்குச் சொல்லிவை, இந்த அம்மா ஒரு சாண் இல்லை, ஐந்தரை அடி என்று.

ரெனி


கிளீவ்லாந்து
ஆகஸ்ட் 27

அன்பு டேல்,

இந்தக் கடிதம் டெட்ராய்ட் ஆற்றில் தபால் படகேறி, வாளியில் கயிறு கட்டி உன் கப்பலுக்கு வந்து சேரும்போது உன் கைவலி குறைந்திருக்க வேண்டும். நான் நலம். ஜோஸி நலம். ஜோஸி நடக்கிறாள்!

சனிக்கிழமை காலை சமையலறையில் அக்கா அவளை ஃப்ரிட்ஜ் பக்கம் நிறுத்தி, "அம்மாகிட்ட போ" என்று கையை விட்டாள். ஆறு அடி. என் மடியில் வந்து விழுந்தாள். இம்முறை அழவில்லை, டிவியைத் தேடவில்லை. அக்கா சமையல் ஏப்ரனால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பாத்தியா, உனக்காகவே காத்திருந்திருக்கா" என்றாள். நான் தேம்பித் தேம்பி அழுதேன்.

பிறகுதான் என் பாழாய்ப்போன கண் வேலை செய்ய ஆரம்பித்தது. ஜோஸி எதையும் பிடிக்காமல் குனிந்து மரக்கரண்டியை எடுத்தாள், நிமிர்ந்தாள், திரும்பி நடந்தாள். இன்று முதல் அடி வைத்த குழந்தைக்குத் திரும்பத் தெரியுமா? அவள் ஷூ முனை வெள்ளையாகத் தேய்ந்திருந்தது. மேசையின் நாலு மூலையிலும் கவுனுக்குத் தோளில் வைக்கிற பஞ்சு மெத்தைகளை அக்கா ஒட்டியிருக்கிறாள். தவழ்கிற குழந்தையின் தலை அந்த உயரத்துக்கு வராது, டேல்.

அவள் நடந்து ஒரு மாதமாவது இருக்கும். ஜூலை முழுக்க அக்கா எனக்கு ஏன் எழுதவில்லை என்று இப்போது புரிகிறது.

நான் கேட்கவில்லை. பார்த்ததையெல்லாம் சொல்ல வேண்டாம் என்று இந்த வருஷம்தான் கற்றுக்கொண்டேன். ஆனால் யாரிடமாவது சொல்லாவிட்டால் வெடித்துவிடுவேன். உனக்குத் தெரியுமா?

தளத்தில் ஈரமாக இருக்கும்போது ஓடாதே.

உன் ரெனி


டுலூத் துறைமுகம்
செப்டம்பர் 8

அன்பு ரெனி,

கை ஆறிவிட்டது. நீ நன்றாக இருக்கிறாய் என்று திரையில் பார்த்தவர்கள் சொன்னார்கள்.

தெரியும். ஜூலை நடுவிலேயே அக்கா எழுதினாள். அதை அப்படியே தருகிறேன்: 'ஜோஸி நடந்துவிட்டாள். ரெனியிடம் சொல்லிவிடாதே. ஏற்கெனவே அவளுக்கு வேலையில் அடி. முத்தைப் பற்றி உண்மையை எழுதி அவளை நேரலையில் தடுமாற வைத்தவள் நான். மறைத்து எழுதவும் எனக்குத் தெரியாது, பேனாவை எடுத்தால் கை அதைத்தான் எழுதும். அதனால் எழுதாமலே இருக்கிறேன்.' ஷூவை ஒளித்துவைக்கச் சொல்லி நான் பதில் போட்டேன். மறந்துவிட்டாள்.

இன்னொன்று. குளிர்காலத்துக்கு எத்தனை கவுன் ஒப்புக்கொள்ளலாம், வீட்டில் வேறு வேலை இருக்காதே என்று போன கடிதத்தில் கேட்டிருந்தாள். உனக்கு வேலை உறுதியானால் ஜோஸி போய்விடுவாள் என்று அவள் இப்போதே நாளை நிரப்பப் பார்க்கிறாள். உன்னிடம் வாய் திறக்க மாட்டாள்.

இங்கே சமையல்காரன் மாறிவிட்டான், சாப்பாடு பரவாயில்லை. ஜனவரியில் பனி மூடியதும் கரைக்கு வருவேன்.

டேல்


போர்ட்லாந்து
அக்டோபர் 3

அன்புள்ள அக்கா,

முழங்கால், தோள், கண், மூன்றும் சுகமா? எனக்கு எல்லாமே சுகம். உட்கார்ந்துகொள்.

இரண்டு வருஷம் கொடுத்துவிட்டார்கள்! ஹட்ச் ஸ்டானிடம் தானாகப் போய்ச் சொன்னாராம்: "அந்தப் பொண்ண வெச்சுக்கோ. எங்காளுங்க ஒருத்தி கிட்டயாவது உண்மைய பேசறானுங்க." பிகெட்டுக்கும் இன்னொரு வருஷம் கிடைத்துவிட்டது. என்னைக் கண்டதும் உள்ளே மடக்கிய விரலைக் காட்டினார்.

வீடு பார்த்திருக்கிறேன். பின்பக்கம் ஓர் அறை, வடக்குப் பார்த்த பெரிய ஜன்னல், நாள் முழுக்க நிழல் விழாத வெளிச்சம். வெள்ளைத் துணியில் வெள்ளை முத்து தைக்க அதைவிட நல்ல இடம் கிடையாது. கதவுக்குப் பூட்டும் உண்டு. போர்ட்லாந்திலும் பெண்கள் கல்யாணம் செய்துகொள்கிறார்கள் அக்கா, விசாரித்துவிட்டேன். ஜோஸிக்கு அம்மா ஆட்டத்துக்குப் போகிற நாளில் பெரியம்மா வேண்டும். ஜோஸியின் அம்மாவுக்கு எல்லா நாளும் வேண்டும். வர மாட்டேன் என்று எழுதினால் மிசஸ் கெல்லரைப் போனில் கூப்பிட்டுக் கத்துவேன்.

ஒரே ஒரு கேள்வி. ஜோஸி முதல் அடி வைத்தபோது வீடு எப்படி இருந்தது என்று எழுதுவாயா? அடுப்பில் என்ன இருந்தது, வெளிச்சம் எப்படி, அவள் என்ன உடுத்தியிருந்தாள்? நான் அழுத அழுகையில் எதையும் சரியாகப் பார்க்கவில்லை. உனக்கு நினைவிருப்பது போதும். தேதி வேண்டாம்.

உன் பதில் வரும்வரை சாப்பாடு இறங்காது.

ரெனி


டொலிடோ
அக்டோபர் 9

ரெனிக்கு,

மூன்றும் சுகம். சாப்பிடு.

வருகிறேன். தையல் மெஷினை யாரை விட்டுக் கட்டச் சொல்வது என்று மிசஸ் கெல்லரிடம் இன்றே கேட்டுவிட்டேன். அந்த டப்பியிலிருக்கிற முத்தை என் கைப்பையில் கொண்டுவருவேன், பெட்டியில் போட மாட்டேன். லூயிஸ் வாயசைத்ததைக் கேட்டாயே. 'அக்கா, எனக்கு ஒரு நல்ல பொண்ணா பாருங்க' என்றான். ஏற்பாடு செய்வோம்.

நீ கேட்டதற்குப் பதில்.

வெயில் இன்னும் இறங்கவில்லை. அடுப்பில் சோளக்கதிர் வெந்துகொண்டிருந்தது, கண்ணாடி ஜன்னலெல்லாம் ஆவி. ஜோஸிக்குச் சட்டை இல்லை, டயப்பர் மட்டும், அவ்வளவு புழுக்கம். சோபாவைப் பிடித்து நின்றிருந்தாள். டிவியில் ஆட்டம். உன் முகம் வந்தது. அவள் கையை விட்டாள்.

நான் மூச்சுகூட விடவில்லை. ஒன்பது அடி, ரெனி. ஐந்தாவதில் ஆடினாள், விழவில்லை. நேராகத் திரைக்குப் போய் இரண்டு உள்ளங்கையையும் உன் கன்னத்தில் வைத்தாள். நீ மும்முரமாக ஏதோ பேசிக்கொண்டிருந்தாய், உன் விரலைத் தூக்கிக் காட்டிக்கொண்டு. இத்தனை வருஷத்தில் முதல் முறையாக நான் உன் உதட்டைப் பார்க்கவில்லை. அன்று நீ என்ன சொன்னாய் என்பதே உன் கடிதம் வந்த பிறகுதான் எனக்குத் தெரியும்.

நீ பேசிய அந்த முப்பது வினாடியும் அவள் எதையும் பிடிக்காமல், உன்னை மட்டும் தொட்டுக்கொண்டு நின்றாள். நீ போய் விளம்பரம் வந்த பிறகுதான் உட்கார்ந்தாள்.

வாண்டா